சீட் கைமாறும், கேலரி கைமாறாது: இந்தோனேசிய லீகில் ஓர் இணைப்பு கிளப்பின் முதல் சீசன்

இந்தோனேசியாவின் முதல் பிரிவுக் கால்பந்துப் போட்டி அப்போது லிகா 1 என்ற பெயரில் நடந்தது. அதன் 2018 புள்ளிப் பட்டியலையும் 2019 பட்டியலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் கணக்கு இடிக்கும். 18 அணிகளில் மூன்று கீழே போயின: மித்ரா குகார், ஸ்ரீவிஜயா, மேடானின் பிஎஸ்எம்எஸ். கீழிருந்து மூன்று ஏறி வந்தன: ஸ்லெமானின் பிஎஸ்எஸ், செமென் பாடாங், கால்தெங் புத்ரா. ஆனால் புதுப் பெயர்களை எண்ணினால் ஐந்து. மிச்ச இரண்டும் திரா-பெர்சிகாபோ, பெர்செரு படாக் லாம்புங். இவை எந்தத் தகுதிச் சுற்றையும் ஆடவில்லை, எங்கிருந்தும் ஏறி வரவில்லை. இணைப்பு என்ற கதவு வழியாக உள்ளே வந்தவை.

அந்தக் கதவு எப்படித் திறக்கிறது, உள்ளே நுழைந்த கிளப்புக்கு முதல் ஆண்டில் என்ன நடக்கிறது என்பதுதான் இங்கே விஷயம்.

முதலில் ஒரு சொல்லைச் சரிசெய்து கொள்வோம். இணைப்பு என்றதும் இரண்டு அணிகள், இரண்டு கஜானாக்கள், இரண்டு ரசிகர் கூட்டங்கள் ஒன்றாகக் கலப்பதாகத் தோன்றும். இந்தோனேசியாவில் பெரும்பாலும் நடப்பது அதுவல்ல. ஒரு பக்கம் முதல் பிரிவில் இடம் இருக்கும், ஆனால் பணமோ ஊரோ இருக்காது. மறுபக்கம் பணமோ ஊரோ இருக்கும், இடம் இருக்காது. இரண்டும் கைகோக்கும். ரூட் பஸ்ஸை விற்கும்போது வண்டிக்கா விலை? பெர்மிட்டுக்குத்தானே. பெயின்ட்டும் பெயர்ப் பலகையும் பிறகு மாறும். இங்கே அந்த பெர்மிட்தான் லீக் சீட்.

சீட்டோடு வேறொன்றும் வரும். 2017-இல் லீக்கை நடத்த லிகா இந்தோனேசியா பாரு என்ற நிறுவனம் வந்தது. அதன் பங்குகளில் 99 சதவீதம் முதல் பிரிவின் 18 கிளப்புகளிடம், 1 சதவீதம் இந்தோனேசியக் கால்பந்துச் சங்கமான பிஎஸ்எஸ்ஐயிடம். வகுத்துப் பார்த்தால் ஒரு கிளப்புக்கு ஐந்தரை சதவீதம். ஆக, முதல் பிரிவில் இருப்பது என்றால் ஆடும் உரிமை மட்டுமல்ல, போட்டியை நடத்தும் கம்பெனியில் ஓட்டும் உண்டு.

ஏன் இத்தனை கிளப்புகள் சீட்டை விற்கும் நிலைக்கு வந்தன? பெயர்களிலேயே பாதி விடை இருக்கிறது. பெர்சிப், பெர்சிஜா, பெர்செபயா, பெர்சிகாபோ என்று பல பெயர்கள் ‘பெர்’ என்று தொடங்குவதைக் கவனித்திருப்பீர்கள். பெர்சத்துவான் என்றால் சங்கம். அதன் வாலில் ஊர்ப் பெயர் ஒட்டியிருக்கும். பெர்சிகாபோவில் வரும் ‘காபோ’, கபுபாத்தென் போகோர், அதாவது போகோர் மாவட்டம் என்பதன் சுருக்கம். இவை ஊர்ச் சங்கங்களாக வளர்ந்தவை. உள்ளூர் அரசின் பட்ஜெட்டே பலவற்றுக்குச் சோறு போட்டது. 2011-இல் உள்துறை அமைச்சகம் கொண்டுவந்த விதி, 2012 பட்ஜெட் முதல் தொழில்முறை கிளப்புகளுக்கு அந்தப் பணம் போகக் கூடாது என்றது. பெரிய நகரத்துக் கிளப்புகள் ஸ்பான்சரைப் பிடித்துக்கொண்டன. சின்ன ஊர்க் கிளப்புகளுக்கு டிக்கெட் வசூல் விமானச் செலவுக்கே போதாது. நாடு மூன்று நேர மண்டலங்களில் ஐயாயிரம் கிலோமீட்டர் நீண்டு கிடக்கிறது, ஒரு சீசனில் 17 ஆட்டங்கள் வெளியூரில். பப்புவா பக்கத்துத் தீவிலிருந்து ஆடும் ஓர் அணிக்கு ஒவ்வொரு வெளியூர்ப் பயணமும் ஒரு படையெடுப்பு மாதிரி.

இன்னொரு மரபு தனியார் கம்பெனிகள் நடத்திய கலாதாமா லீக்குடையது. 1979-இல் தொடங்கிய அது, 1994-இல் ஊர்ச் சங்கங்களின் போட்டியோடு ஒன்றாக்கப்பட்டது. கம்பெனி கிளப்புக்கு ஊர்ப்பாசம் கிடையாது, எங்கே வசதியோ அங்கே போகும். 1986-இல் பிறந்த பெலித்தா ஜெயா ஜகார்த்தாவில் தொடங்கி சோலோ, சிலெகோன், பூர்வகார்த்தா, கரவாங் என்று அலைந்தது. பிறகு ‘பாண்டுங் ராயா’ என்ற பழைய பெயரோடு இணைந்தது. அந்தப் பாண்டுங் ராயா 1995-96 சாம்பியன், அடுத்த சில ஆண்டுகளிலேயே கலைந்து போன கிளப். அதாவது உயிரோடு இருந்த கிளப் செத்துப்போன கிளப்பின் பெயரோடு சேர்ந்துகொண்டது. 2015-இல் பெகாசியின் பெர்சிபாசியோடு இன்னோர் இணைப்பு. 2016-இல் சீட் மதுரா தீவுக்குப் போய் மதுரா யுனைடெட் ஆனது. கேமரூன் நட்சத்திரம் ரோஜர் மில்லா தொண்ணூறுகளில் இந்தோனேசியாவில் இரண்டு கிளப்புகளுக்கு ஆடினார்: ஒன்று பெலித்தா ஜெயா, இன்னொன்று புத்ரா சமரிண்டா. முதலாவதன் சீட் இன்று மதுராவில். இரண்டாவதன் சீட் 2015-இல் பாலித் தீவுக்குப் போய் பாலி யுனைடெட் ஆகிவிட்டது.

இதையெல்லாம் யாரும் தடுக்க முடியாதா? விதி இருக்கிறது. லீகில் ஆடும் தகுதி களத்தில் கிடைத்த முடிவால் வர வேண்டும் என்கிறது ஃபிஃபா. போட்டியின் நேர்மைக்குக் கேடாக, தகுதியைப் பெறுவதற்கென்றே கிளப்பின் சட்ட வடிவத்தையோ கம்பெனி அமைப்பையோ மாற்றுவதைத் தடை செய்கிறது. தலைமையகத்தை மாற்றுவது, பெயரை மாற்றுவது, கிளப்புகளுக்கிடையே பங்குகளைக் கைமாற்றுவது எல்லாம் அந்தத் தடைக்குள் வருகின்றன. ஆனால் ‘போட்டியின் நேர்மைக்குக் கேடாக’ என்ற நிபந்தனையில்தான் இடைவெளி. தேசியச் சங்கம் கேடில்லை என்று ஏற்றுக்கொண்டால் காரியம் முடிந்தது.

காகித வேலை இப்படிப் போகும். கிளப்பை வைத்திருக்கும் கம்பெனியின் பங்குகள் நோட்டரி பத்திரத்தின் மூலம் கைமாறும், சட்ட அமைச்சகத்தில் பதிவாகும். பிறகு பெயர் மாற்றத்துக்கும் ஊர் மாற்றத்துக்கும் பிஎஸ்எஸ்ஐயின் ஒப்புதல் வேண்டும். அதன் பின் லீக் நிறுவனத்திடம் வீரர் பதிவும் மைதானச் சோதனையும். கடைசியாக, ஒவ்வொரு உள்ளூர் ஆட்டத்துக்கும் கூட்டம் கூட உள்ளூர் போலீஸ் அனுமதி. புது ஊருக்கு வந்த கிளப் அடிக்கடி தடுக்கி விழுவது இந்தக் கடைசிப் படியில்தான். அனுமதி கிடைக்காவிட்டால் ‘உள்ளூர்’ ஆட்டம் இன்னொரு ஊருக்குப் போகும், 17 ஆட்டங்களின் சாதகம் ஒவ்வொன்றாகக் கழியும்.

பழைய கடனை விட்டுவிட்டு வந்துவிடலாம் என்று நினைப்பதும் தப்பு. சம்பளப் பாக்கி வழக்குகளில் ஃபிஃபாவின் 2019 ஒழுங்கு விதித்தொகுப்பு ‘விளையாட்டு வாரிசு’ என்ற கருத்தை எழுதி வைத்திருக்கிறது. தலைமையகம், பெயர், சட்ட வடிவம், சட்டை நிறம், வீரர்கள், பங்குதாரர்கள், ஆடும் பிரிவு ஆகியவற்றைப் பார்த்துப் புதுக் கிளப் பழையதன் வாரிசுதான் என்று முடிவானால், பாக்கியும் புதுக் கிளப்பின் தலையில். கட்டாவிட்டால் புது வீரர்களைப் பதிய முடியாது. சீட் வாங்கியவர் முதலில் பார்க்க வேண்டியது கோப்பை அலமாரியை அல்ல, கடன் ஃபைலை.

இனி திரா-பெர்சிகாபோ. இதன் வேர் இந்தோனேசிய ஆயுதப்படையின் பிஎஸ் டிஎன்ஐ அணி. ராஜா அம்பாட் தீவுகளின் பெர்சிராமுடைய சீட் வழியாக 2016-இல் முதல் தட்டுக்கு வந்தது. 2018-இல் பெயர் பிஎஸ் திரா என்றாகி, யோக்யகர்த்தா பக்கத்துப் பந்துலுக்குப் போனது. 2019-இல் போகோரின் பெர்சிகாபோவோடு இணைந்தது. பெர்சிகாபோ 1973-இல் தொடங்கிய கிளப், கபோமேனியா என்ற ரசிகர் கூட்டம் உண்டு, ஆனால் ஆடிக்கொண்டிருந்தது கீழ்ப் பிரிவில். ஆக, படையின் சீட்டும் வீரர்களும் ஒரு பக்கம். போகோரின் பெயரும் ஆட்களும் மறுபக்கம். சிபினோங்கில் 30,000 பேர் உட்காரும் பாகன்சாரி ஸ்டேடியம் சொந்த மைதானம். 2016 ஆசியான் கோப்பை இறுதியின் முதல் கட்டத்தில் இந்தோனேசியா தாய்லாந்தை 2-1 என்று வென்றது இதே இடத்தில்தான். பயிற்சியாளர் ரஹ்மத் தர்மவான், அவரும் கடற்படையின் மரைன் பிரிவிலிருந்து வந்தவர். மனாஹாத்தி லெஸ்துசென், அப்து லெஸ்தாலுஹு போன்றோர் படையில் பணியிலிருந்த வீரர்கள்.

இப்படிப்பட்ட கிளப்பின் முதல் வேலை கழித்தல். இரண்டு அணிகளிலும் ஆளுக்கு 25 பேர் என்று வைத்துக்கொண்டால் கையில் 50 பேர், தேவை 30-க்குள். ஆறு கோல்கீப்பர்களில் மூவர் வீட்டுக்குப் போக வேண்டும். வெளிநாட்டு வீரர் ஒதுக்கீடு 2019-இல் நான்கு: மூன்று பேர் எந்த நாட்டினராகவும் இருக்கலாம், ஒருவர் ஆசியர். இரண்டு கிளப்புகளுக்கும் சேர்த்து எட்டு என்று ஆகாது. ஒப்பந்தத்தை நடுவில் முறித்தால் இழப்பீடு. இதில் தயங்கும் கிளப்தான் சீசன் தொடக்கத்திலேயே முகம் சுளிக்கும் பத்துப் பேரோடு டிரெஸ்ஸிங் ரூமை ஓட்ட வேண்டி வரும். ஒரு கிளப் கீழ்ப் பிரிவில் இருந்தால் கழித்தல் சுலபம், ஏனென்றால் அந்தப் பக்கத்து வீரர்களில் மேல் தட்டுக்குத் தாங்குபவர்கள் சிலரே. திரா-பெர்சிகாபோ பந்துலில் ஆடிய அணியின் முதுகெலும்பை வைத்துக்கொண்டே மேலே சேர்த்தது.

அந்த அணி சீசனின் முதல் பாதியில் மேல் வரிசையில் நின்றது. இரண்டாம் பாதியில் சரிந்து சரிந்து 15-ஆம் இடத்தில் முடித்தது. 16-ஆம் இடம் முதல் கீழே போக வேண்டும் என்பதால் நூலிழைத் தப்பு. ரஹ்மத் தர்மவான் சீசன் முடியும் முன்பே விலகிவிட்டார்.

இந்த வளைவு இணைப்பு கிளப்புகளுக்குப் பொருந்தி வருவதில் ஆச்சரியம் இல்லை. முதல் பாதியில் புதுச் சட்டையின் உற்சாகம் இருக்கும், எதிரணியிடம் வீடியோ இருக்காது. 34 ஆட்டங்களில் 17 முடிந்து ஒவ்வோர் அணியையும் இரண்டாவது முறை சந்திக்கும்போது எல்லோரிடமும் குறிப்பு தயார். அப்போது வேண்டியது மாற்று வீரர்களின் ஆழம். ஓரிரு மாதத்தில் சேர்த்த அணியில் முதல் பதினொருவர் கச்சிதமாக இருப்பார்கள். பதினைந்தாவது ஆள்தான் பிரச்சினை.

அதே ஆண்டின் இன்னொரு புதுப் பிறவியான படாக் லாம்புங்குக்கு அந்த நூலிழையும் கிடைக்கவில்லை. பப்புவா பக்கம் யாப்பென் தீவில் செருய் ஊரின் பெர்செருதான் அதன் மூலம். 2014 முதல் மேல் தட்டில் ஆடிய சீட் நாட்டின் கிழக்கு ஓரத்திலிருந்து மேற்கே சுமத்திராவின் தென்முனைக்கு, பண்டார் லாம்புங்கின் சும்பா பெமுடா ஸ்டேடியத்துக்கு வந்தது. ஒரே சீசன். 16-ஆம் இடம், கீழே.

இணைப்பின் உச்சமும் அபத்தமும் ஒன்றாகத் தெரியும் கதை போலீஸ் கிளப்பினுடையது. பெயர் பாயங்கரா. மஜபாஹித் பேரரசில் கஜ மடா தலைமை தாங்கிய காவல் படையின் பெயர் அது, இந்தோனேசியப் போலீஸ் அதைத் தன் அடையாளமாக வைத்திருக்கிறது. சமஸ்கிருதம் வழியாக நம் ‘பயங்கரம்’ என்ற சொல்லுக்கும் இது உடன்பிறப்பு.

இதன் சீட் சுரபாயாவில் முளைத்தது. 2010-ஐ ஒட்டி இந்தோனேசியக் கால்பந்து இரண்டாகப் பிளந்தபோது பெர்செபயாவும் இரண்டானது. பழைய கிளப் மாற்று லீகுக்குப் போனது. அதே பெயரில் இன்னொரு அணி சங்கத்தின் அங்கீகாரத்தோடு ஆடி, 2014-இல் மேல் தட்டுக்கு வந்தது. பெயருக்கு உரிமையில்லை என்ற நெருக்கடி முற்றியதும் அந்த அணி 2015-இல் போனெக் எஃப்சி ஆனது, பிறகு சுரபாயா யுனைடெட் ஆனது. போனெக் என்பது பெர்செபயா ரசிகர்களின் பட்டப்பெயர்: துணிச்சலே முதலாகக் கிளம்பி வருபவர்கள் என்று பொருள். ரசிகர்கள் ஏற்காத அணிக்கு ரசிகர்களின் பெயரையே வைத்தது எவ்வளவு பெரிய கோணல் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. 2016 ஏப்ரலில் சுரபாயா யுனைடெட் போலீஸ் அணியான பிஎஸ் போல்ரியோடு இணைந்து பாயங்கரா சுரபாயா யுனைடெட் ஆனது. அதே ஆண்டில் சுரபாயா என்ற சொல்லும் உதிர்ந்து பாயங்கரா எஃப்சி மட்டும் மிஞ்சியது.

2016 போட்டி அதிகாரப்பூர்வமானதல்ல, ஃபிஃபா விதித்த தடையின் நிழலில் நடந்தது. தடை 2015 மே முதல் 2016 மே வரை. ஆகவே பாயங்கரா என்ற பெயரில் முதல் அதிகாரப்பூர்வ சீசன் 2017. பெகாசியின் பேட்ரியட் ஸ்டேடியத்தில் பெரும்பாலும் காலி கேலரி முன்னால் ஆடியது. பயிற்சியாளர் ஸ்காட்லாந்துக்காரர் சைமன் மெக்மெனமி. சீட்டோடு வந்த சொத்து எவான் டிமாஸ், இல்ஹாம் உதின் போன்ற இளைஞர்கள், 2013-இல் தென்கிழக்கு ஆசிய 19 வயதுக்குட்பட்டோர் கோப்பையை வென்ற தலைமுறை. அந்த ஆண்டின் லிகா 1 விதி 23 வயதுக்குட்பட்ட மூவரை முதல் பதினொருவரில் இறக்கச் சொன்னது. பின்னர் அது நிறுத்தி வைக்கப்பட்டது. மற்ற கிளப்புகள் அந்த மூவரைத் தேடி அலைந்தபோது இவர்களிடம் ஆள் தயார்.

இப்போது கணக்கைக் கிட்டத்தில் பாருங்கள். கடைசிக்கு மூன்றாவது ஆட்டத்தில் மித்ரா குகாரோடு 1-1 டிரா, ஒரு புள்ளி. ஆனால் மித்ரா குகார் இறக்கியிருந்த மாலி வீரர், முன்னாள் லிவர்பூல் ஆட்டக்காரர் முகமது சிசோகோ தடையில் இருந்தவர். லீக் அனுப்பிய தடைப் பட்டியலில் அவர் பெயர் இல்லை என்றது மித்ரா குகார். ஒழுங்குக் குழு அதை ஏற்கவில்லை, ஆட்டத்தை 3-0 என்று பாயங்கராவுக்குக் கொடுத்தது. ஒரு புள்ளி மூன்றானது. அடுத்து மதுரா யுனைடெட்டை 3-1 என்று வென்றார்கள், மூன்று கோலும் இலியா ஸ்பாசோயெவிச்சினுடையது. கடைசி ஆட்டத்தில் பெர்சிஜாவிடம் 1-2 தோல்வி. முடிவு: 22 வெற்றி, 2 டிரா, 10 தோல்வி, 68 புள்ளி. பாலி யுனைடெட்: 21 வெற்றி, 5 டிரா, 8 தோல்வி, அதுவும் 68. கோல் வித்தியாசம் பாலிக்குத்தான் சாதகம், அவர்களின் சில்வானோ கொம்வாலியஸ் தனியாளாக 37 கோல் அடித்திருந்தார். ஆனால் புள்ளி சமமானால் முதலில் பார்ப்பது இரு அணிகளும் நேருக்கு நேர் மோதிய முடிவை. அதில் பாயங்கரா மேலே. அந்த டிரா டிராவாகவே நின்றிருந்தால் 66, கோப்பை பாலிக்கு.

காகிதத்தில் பிறந்த கிளப் காகிதத்தில் கிடைத்த இரண்டு புள்ளியால் வென்றது என்று கேலி பேசினார்கள். முழு நியாயமில்லை, 21 வெற்றிகள் களத்தில் வந்தவை. ஆனாலும் அடுத்து நடந்தது கிளப்பின் பலவீனத்தைக் காட்டியது. ஆசியப் போட்டிகளுக்குப் போக ஆசியக் கூட்டமைப்பின் உரிமம் வேண்டும். விளையாட்டு, உள்கட்டமைப்பு, நிர்வாக ஆட்கள், சட்டம், நிதி என்று ஐந்து தலைப்புகளில் சோதனை. சாம்பியனுக்கு அந்த உரிமம் இல்லை. 2018-இல் ஆசியாவுக்குப் போனவை பாலி யுனைடெட்டும் பெர்சிஜாவும். புது ஆண்டில் புது இணைப்பு கிளப்பை வாங்குபவர்கள் மறந்துவிடுவது இதைத்தான்: லீக் சீட்டும் ஆசிய உரிமமும் வேறு வேறு வரிசைகள்.

அதே 2017-இல் சுரபாயாவில் என்ன? ஜனவரி 8-ஆம் தேதி பாண்டுங்கில் கூடிய பிஎஸ்எஸ்ஐ மாநாடு பழைய பெர்செபயாவை மீண்டும் உறுப்பினராக ஏற்று இரண்டாம் பிரிவில் சேர்த்தது. இத்தனை ஆண்டுகளாக அதே பெயரில் ஆடிய இன்னோர் அணியை ஒதுக்கிய போனெக்குகள் கேலோரா புங் தோமோ ஸ்டேடியத்தை நிரப்பினார்கள். பெர்செபயா இரண்டாம் பிரிவில் சாம்பியன். அதன் பெயரில் ஒருகாலத்தில் ஆடிய சீட் முதல் பிரிவில் சாம்பியன். அடுத்த ஆண்டு இரண்டும் ஒரே லீகில் மோதின.

சீட் எடுத்துப் போன இடத்தில் மக்கள் வேர்விடவே மாட்டார்கள் என்றும் சொல்லிவிட முடியாது. பாலி யுனைடெட் கியாஞாரில் உள்ள டிப்தா ஸ்டேடியத்தை நிரப்பியது. 2019 ஜூனில் தென்கிழக்கு ஆசியாவிலேயே முதலாவதாகப் பங்குச் சந்தையில் பட்டியலான கால்பந்து கிளப்பும் அதுவே, அதே ஆண்டு சாம்பியனும் ஆனது. வேறுபாடு எங்கே என்றால், பாலித் தீவில் அப்போது மேல் தட்டில் வேறு கிளப் இல்லை, வந்தவர்கள் அங்கேயே தங்கினார்கள். படைக் கிளப்புக்கும் போலீஸ் கிளப்புக்கும் தங்குவது கஷ்டம், உரிமையாளர் நிறுவனத்துக்கே ஊர் கிடையாது. திரா-பெர்சிகாபோ பின்னாளில் பெயரிலிருந்து திராவை இறக்கிவிட்டு பெர்சிகாபோ 1973 ஆனது.

2023-24 சீசனில் கீழே போன மூன்றில் பெர்சிகாபோ 1973 ஒன்று, பாயங்கரா இன்னொன்று. பாயங்கரா ஒரே ஆண்டில் ஏறி வந்து, 2025-26 சீசனுக்கு முன் பெயரை மறுபடி மாற்றியது: பாயங்கரா பிரெசிசி லாம்புங். ஆறு ஆண்டுகளுக்கு முன் படாக் லாம்புங் ஒரே சீசன் ஆடிவிட்டுப் போன அதே பண்டார் லாம்புங்தான் இப்போது அதன் புது ஊர்.